வாசலுக்கு வந்த வைத்தியசாலை

புவியியல் கற்பிக்கும் ஆசிரியனுக்கு ஒரு வசதி உண்டு. தான் ஒருபோதும் காணாத நாடுகளைக் கண்டவன்போலப் பேசலாம். இருபது ஆண்டுகளாக நானும் அவ்வாறே பேசி வருகிறேன். கரும்பலகையில் ஒரு கோடு இழுத்து அதற்குப் பிரமபுத்திரா என்று பெயரிடுவேன். கயிலைமலைப் பக்கத்துப் பனிப்பாறைகளிற் பிறந்து, திபெத்தில் கிழக்கு நோக்கி ஓடி, இமயத்தைச் சுற்றி வளைந்து அசாமுக்குள் இறங்கி, வங்காளதேசத்தில் ஜமுனா என்னும் பெயருடன் கங்கையைச் சேர்ந்து கடலிற் கலக்கிறது என்று சொல்லி முடிப்பேன். மாணவர் எழுதிக்கொள்வர். பரீட்சையில் வினா வந்தால் விடையும் எழுதுவர். அத்துடன் அந்த ஆறு வற்றிவிடும்.

சென்ற தவணையில் ஒரு நாள் அது வற்றவில்லை. ஜமுனையின் நடுவே தோன்றி மறையும் மணற்றீவுகளைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தேன். பின்வாங்கில் இருந்த ஒரு மாணவன் எழுந்தான். தீவுப் பகுதியிலிருந்து வந்து உறவினர் வீட்டில் தங்கிப் படிக்கும் பையன்; அதிகம் பேசாதவன்.

"சேர், மண்ணே நில்லாத இடத்திலை ஆசுபத்திரியை எங்கை கட்டுவினம்?"

வகுப்புச் சிரித்தது. நான் சிரிக்கவில்லை. விடை தெரியாத ஆசிரியர்கள் எல்லாரும் சொல்லும் விடையையே நானும் சொன்னேன்: "நல்ல கேள்வி. நாளைக்கு அதைப் பற்றிப் பேசுவம்."

அன்றிரவு தேடிப் படிக்க உட்கார்ந்தேன். படிக்கப் படிக்க, அந்தப் பையன் என்னிடம் கேட்டது வங்காளதேசத்தைப் பற்றிய கேள்வி மட்டுமன்று என்பது எனக்குப் புலப்படலாயிற்று.

பாரத நாட்டு ஆறுகளிற் பெரும்பாலானவற்றுக்குப் பெண் பெயர். பிரமபுத்திராவோ பிரமனின் புதல்வன். தந்தை படைப்புத் தொழில் செய்பவரெனில், மகன் படைப்பையும் அழிப்பையும் ஒருங்கே செய்கிறான். இமயத்து மண்ணை அரைத்துக் கொண்டுவந்து சமவெளியிற் கொட்டுகிறான். கங்கையும் பிரமபுத்திராவும் ஆண்டொன்றிற் சுமந்து வரும் வண்டல் ஏறத்தாழ நூறு கோடி தொன் என்பர். 1787ஆம் ஆண்டுப் பெருவெள்ளத்தின் பின், தான் ஓடிய பழைய பாதையை மெல்ல மெல்லக் கைவிட்டுப் புதுப் பாதையிற் புகுந்த ஆறு அது. இன்றைய ஜமுனை அந்தப் புதுப் பாதையே. மாரி வெள்ளக் காலத்தில் அதன் அகலம் பத்து மைலைத் தொடும் இடங்களும் உண்டு.

இந்த ஆற்றின் நடுவில் வண்டல் படிந்து உயரும் திட்டுகளை வங்காளிகள் 'சர்' என்பர். நீர் வடிந்து மணல் தலைகாட்டியதும் அதன்மேல் நாணல் முளைக்கும். பிறகு மனிதர் குடியேறுவர். மிளகாயும் நிலக்கடலையும் சோளமும் பயிரிடுவர், மாடு வளர்ப்பர், பள்ளிக்கூடம் வைப்பர். சில ஆண்டுகளில் ஆறு மனம் மாறி அந்தக் கரையை அரிக்கத் தொடங்கும். அப்பொழுது தகரக் கூரையைக் கழற்றி, சணற்றட்டி வேலியைச் சுருட்டி, ஆட்டையும் மாட்டையும் பிள்ளைகளையும் தோணியில் ஏற்றிக்கொண்டு வேறொரு சரைத் தேடிப் போவர். வாழ்நாளிற் பலமுறை இவ்வாறு வீடு பெயர்ந்தோர் அங்கே பலர். குரிகிராம், காய்பாந்தா முதலிய வட மாவட்டங்களில் இது அன்றாடக் கதை.

இத்தகைய நிலத்தில் வைத்தியசாலையை எங்கே கட்டுவது? கட்டிடம் எழும்பி முடியுமுன் அத்திவாரம் ஆற்றோடு போய்விடக்கூடும். பையனின் கேள்விக்கு விடை, கட்ட முடியாது என்பதே. கட்ட முடியாததை மிதக்க விட்டார்கள்.

அது நடந்த விதம் ஒரு கதைபோல இருக்கிறது. இவ் மார் என்னும் பிரெஞ்சு மாலுமி 1994ஆம் ஆண்டில், தம் நாட்டு ஆறுகளிற் சரக்கேற்றிய பழைய தட்டைப் படகொன்றைக் கடல் கடந்து வங்காளதேசத்துக்குக் கொண்டுவந்து சேர்த்தார். ஆற்றுக்கென்று செய்த படகைப் பெருங்கடலிற் செலுத்துவது துணிச்சலான செயல். அதை அந்நாட்டு ஏழை மக்களுக்குப் பயன்படக் கொடுத்துவிட வேண்டும் என்பது அவர் விருப்பம். ஆனால் கொடுக்க வந்தவருக்குக் கிடைத்தது காத்திருப்பே. ஆண்டுகள் பல கழிந்தன. பிறகு ரூனா கான் என்னும் வங்காளப் பெண்மணி அந்தப் படகை வைத்தியசாலையாக்கும் பணியைத் தம் பணியாக ஏற்றுக்கொண்டார். 2002ஆம் ஆண்டில் 'பிரென்ட்ஷிப்' என்னும் பெயரில் ஒரு தொண்டு நிறுவனம் உருவாயிற்று. தோழமை என்பது அதன் பொருள். படகைத் திருத்தி அமைக்கப் பொருளுதவி செய்தது ஒரு சவர்க்காரக் கம்பனி. எனவே அக்கப்பலுக்கு 'லைஃப்போய் பிரென்ட்ஷிப் வைத்தியசாலை' என்று பெயர் வந்தது. நம் வீட்டுக் கிணற்றடியில் நாம் எல்லாரும் கண்ட சிவப்புச் சவர்க்காரத்தின் பெயர்தான். அச்சொல்லின் பொருள் உயிர்காக்கும் மிதவை என்பதை அன்றிரவுதான் நான் எண்ணிப் பார்த்தேன். விளம்பரத்துக்காக வைத்த பெயராயினும், இப்படிப் பொருந்திய பெயர் வேறு கிடைத்திராது.

ஆற்றுச் சரக்குப் படகின் அடி தட்டையானது. கோடையில் ஜமுனை பல கிளைகளாகப் பிரிந்து மணல் தட்டும் ஆழத்துக்கு வற்றும்பொழுது, ஆழ அடியுள்ள கப்பல் அங்கே செல்லாது. சரக்குக்காகச் செய்த அந்தத் தட்டையான வயிற்றுக்குள் சத்திரசிகிச்சை அறையும், ஆய்வுகூடமும், வைத்தியர் நோயாளரைப் பார்வையிடும் அறைகளும் அமைந்தன. கப்பல் ஒரு சரின் ஓரத்தில் நங்கூரமிட்டுக் காலங்கழித்து, பின் அடுத்த இடத்துக்கு நகரும். கப்பல் வந்த செய்தி தோணிக்குத் தோணி பரவும். விடியுமுன்பே கரையிற் கூட்டம் சேரும். கைக்குழந்தையைச் சேலைத் தலைப்பில் ஏந்திய தாய்மார், எரிகாயத்தால் விரல்கள் ஒட்டிப்போன சிறுவர், பிளந்த உதட்டை முந்தானையால் மூடியபடி நிற்கும் இளம்பெண்கள், பேரப்பிள்ளையின் தோளைப் பிடித்துக்கொண்டு வரும் கண் தெரியாத முதியோர். கண்புரை நீக்கவும் பிளந்த உதட்டைத் தைக்கவும் வெளிநாட்டுச் சத்திரசிகிச்சை நிபுணர் சில நாட்களுக்கு வந்து, கப்பலிலேயே தங்கி, ஊதியமின்றித் தொண்டு செய்து திரும்புவதுண்டு.

2008ஆம் ஆண்டில் எமிரேற்ஸ் விமான நிறுவனத்தின் அறக்கட்டளை உதவியுடன் இரண்டாவது கப்பல் சேர்ந்தது. மூன்றாவதன் வரலாறு இன்னும் வியப்பானது. 1985ஆம் ஆண்டு யூலை 10ஆந் திகதி நியூசிலாந்தின் ஒக்லாந்துத் துறைமுகத்தில், கிறீன்பீஸ் இயக்கத்தின் 'றெயின்போ வொரியர்' என்னும் கப்பலைப் பிரெஞ்சு உளவுத்துறையினர் குண்டு வைத்து மூழ்கடித்தனர். படப்பிடிப்பாளர் ஒருவர் உயிரிழந்தார். நான்கு ஆண்டுகளின் பின், அதே நாளில், 1957இற் கட்டப்பட்ட ஒரு மீன்பிடிக் கப்பலைப் புதுப்பித்து அதே பெயரைச் சூட்டிக் கடலில் விட்டது அந்த இயக்கம். அணுவாயுதச் சோதனைகளை எதிர்த்து அலைந்த அக்கப்பல் முதுமையடைந்ததும் 2011இல் வங்காளதேசத்துக்குக் கொடுக்கப்பட்டது. 'ரொங்தொனு' என்று அதற்குப் புதுப் பெயர். வங்க மொழியில் வானவில் என்பது பொருள். 2018இல் அதன் பணி முடியும்வரை தென் கரையோர மக்களுக்கு அது வைத்தியசாலையாக இருந்தது. மீன் பிடிக்கப் பிறந்து, போராடி வளர்ந்து, நோய் தீர்த்து முதிர்ந்த கப்பல்! மனிதரிலும் இப்படி ஒரு வாழ்வு வாய்ப்பவர் சிலரே.

ஆற்றின் மேற்பகுதியான அசாமிலும் இதே எண்ணம் முளைத்திருக்கிறது. பத்திரிகையாளரும் எழுத்தாளருமான சஞ்சோய் ஹசாரிகாவின் முயற்சியால் 2005இல் அங்கு ஒரு வைத்தியப் படகு நீரில் இறங்கியது. அதன் பெயர் 'அகா'. அசாமிய மொழியில் நம்பிக்கை என்று பொருள். உலகின் மறுபுறத்தில், அமேசன் ஆற்றில், பிறேசில் கடற்படை 1984 முதல் வைத்தியக் கப்பல்களைச் செலுத்தி வருகிறது. அக்கரை மக்கள் அவற்றுக்கு இட்ட பெயரும் 'நம்பிக்கைக் கப்பல்கள்' என்பதே. ஒருவரையொருவர் அறியாத இரு கரைகளில் ஒரே சொல் பிறந்திருக்கிறது.

இவ்வளவும் படித்து முடித்தபொழுது நள்ளிரவாயிற்று. குறிப்புகளை மடித்து வைத்துவிட்டுப் படுத்தேன். உறக்கம் வரவில்லை. பேரப்பிள்ளையின் தோளைப் பிடித்துக்கொண்டு வரும் முதியவர் என் கண்ணை விட்டுப் போக மறுத்தார். அந்தப் பேரப்பிள்ளை நான்.

நான் நெடுந்தீவிற் பிறந்தவன். பவளக்கல் அடுக்கிய மதில்களுக்கும் கட்டாக்காலிக் குதிரைகளுக்கும் இடையே ஓடி வளர்ந்தவன். எனக்குப் பத்து வயதாக இருக்கும்பொழுது என் அப்பாச்சிக்குக் கண்ணிற் பூ விழுந்தது. முதலில் ஊசியில் நூல் கோக்க என்னைக் கூப்பிட்டார். பிறகு அரிசியிற் கல் பொறுக்கக் கூப்பிட்டார். பிறகு, கிணற்றடிக்குப் போகக் கூப்பிட்டார். இவ்வாறு ஒளி ஒரே நாளில் அணையாமல், வீட்டின் ஒவ்வோர் அறையாக விளக்கை அணைத்துக்கொண்டு போவதுபோல அவரை விட்டுப் போயிற்று.

எங்கள் தீவில் ஆசுபத்திரி இருந்தது. கண்ணிற் கத்தி வைக்கும் வசதி அங்கில்லை. அதற்குப் பட்டணம் போக வேண்டும். குறிகட்டுவான் வரை ஒரு மணி நேரக் கடல், அப்பால் பேருந்து. யுத்த காலத்தில் அந்தக் கடலைக் கடப்பது எளிதாக இருக்கவில்லை. அது ஒரு காரணம். 2002இல் போர்நிறுத்தம் வந்தது. அந்தக் காரணம் போயிற்று. அப்பொழுது நான் பல்கலைக்கழக மாணவன். "அப்பாச்சி, அடுத்த விடுமுறைக்கு வந்து உங்களைக் கூட்டிக்கொண்டு போறன்" என்று சொன்னேன்.

"ஓம் மோனை, நீ படிப்பைப் பார். கண் எங்கை போகப் போகுது" என்றார் அவர்.

சித்திரை விடுமுறை வந்தது, பரீட்சை இருந்தது. பிறகு சோளகம் பெயர்ந்து கடல் கொந்தளித்தது. காற்றுத் தணியட்டும் என்றேன். தணிந்தபொழுது ஆய்வுக் கட்டுரை எழுத வேண்டியிருந்தது. ஆய்வின் பொருள் தீவுப் பகுதிப் போக்குவரத்து! 2003ஆம் ஆண்டு மார்கழியில் நான் கரை சேர்ந்தபோது வீட்டு முற்றத்திற் பந்தல் போட்டிருந்தார்கள்.

கண்புரைச் சத்திரசிகிச்சை பெரும்பாலும் அரை மணி நேரத்துக்குள் முடிந்துவிடும் என்பதைப் பின்னொரு நாள் அறிந்தேன். பதினைந்து ஆண்டுக்கு நெருங்கிய இருட்டுக்கும் அரை மணி நேரத்துக்கும் இடையில் நின்றது, ஒரு மணி நேரக் கடலும் ஒரு பேரனின் ஒழிவின்மையுமே.

நம் நாட்டில் வைத்தியம் இலவசம். அதை நாம் பெருமையோடு சொல்லிக்கொள்கிறோம், பெருமைக்கு உரியதே. ஆயினும் அந்த இலவசம் வைத்தியசாலை வாசலில் இருந்துதான் தொடங்குகிறது. வாசல் வரையுள்ள தூரத்துக்கு விலை உண்டு. படகுக் கூலி, துணைக்கு வருபவரின் ஒருநாட் சம்பளம், பட்டணத்தில் தங்க ஓர் இடம், இவை எல்லாவற்றுக்கும் மேலாக, கையைப் பிடித்து அழைத்துச் செல்ல ஒருவருடைய மனம். ஜமுனையின் சர்வாசிக்கும் இதே கணக்குத்தான். அவர்கள் அறியாமையால் வைத்தியரை நாடாதவர் என்று கரையிலிருப்போர் எண்ணுவதுண்டு. கப்பல் வந்த அன்று விடியுமுன் கரையிற் கூடும் கூட்டம் அந்த எண்ணத்துக்கு விடை சொல்கிறது. அவர்களுக்குக் குறைந்தது அறிவன்று, வழி.

அன்றிரவு இன்னொரு காட்சியும் நினைவுக்கு வந்தது. எங்கள் ஊர்ப் பிள்ளையார் கோயிலில் ஆண்டுதோறும் திருவிழா முடிவில் சுவாமி ஊர்வீதி உலா வருவார். படலைக்கு முன்னால் மெழுகிக் கோலமிட்டு, நிறைகுடம் வைத்து, குத்துவிளக்கேற்றிக் காத்திருப்போம். நாதசுரம் நெருங்கி வரும்பொழுது அப்பாச்சி என் தோளைப் பிடித்துக்கொண்டு படலையடிக்கு வருவார்.

"பிள்ளையார் வந்திட்டாரோ மோனை?"

"வந்திட்டார் அப்பாச்சி."

"கிட்டவே நிக்கிறாரோ?"

"ஓம். எங்கடை படலையடியிலைதான் நிக்கிறார்."

அவர் இரு கைகளையும் தலைமேற் குவிப்பார். சில வேளை திசை தவறி வேறு பக்கம் பார்த்துக் கும்பிடுவார். நான் மெல்லத் தோளைப் பற்றிச் சுவாமி நிற்கும் பக்கம் திருப்பி விடுவேன். அவர் கன்னத்தில் நீர் வழியும்.

மூலமூர்த்தி கருவறையை விட்டு நகர்வதில்லை. ஆகவே நம் முன்னோர் உற்சவ மூர்த்தியை எழுந்தருளச் செய்தனர். நடக்க இயலாதவர், நோயாளி, கோயில் வரை வர வாய்ப்பற்றவர், எல்லாருக்கும் அவரவர் வாசலிலேயே காட்சி கிடைக்கட்டும் என்பது அந்த ஏற்பாட்டின் கருணை. வர முடியாதவனை ஏன் வரவில்லை என்று கேளாமல், தானே புறப்பட்டு வருவதே தெய்வத்தின் இயல்பென்று அவர்கள் கண்டிருக்கிறார்கள். பட்டணத்துப் பெரிய வைத்தியசாலை மூலமூர்த்தி எனில், அந்த ஆற்றுக் கப்பல் உற்சவ மூர்த்தி. இந்த ஒப்புமை மிகையென்று தோன்றுவோர் ஒரு கணம், கண் கட்டு அவிழ்க்கப்பட்டுப் பேரனின் முகத்தைப் பார்க்கும் ஒரு மூதாட்டியை நினைத்துப் பார்க்கட்டும்.

மறுநாள் வகுப்பில் கப்பலின் கதையைச் சொன்னேன். அப்பாச்சியின் கதையைச் சொல்லவில்லை. பின்வாங்குப் பையன் மீண்டும் எழுந்தான்.

"அப்ப சேர், கப்பல் வெளிக்கிட்டுப் போன பிறகு?"

தருமத்தைப் பற்றிக் கேட்கத்தக்க கேள்வி இதுவே என்று எனக்குத் தோன்றியது. வந்து, கொடுத்து, படமெடுத்துக்கொண்டு போய்விடும் தருமம் உண்டு. நன்கொடையாளர் மனம் சலித்தால் நின்றுவிடும் தருமமும் உண்டு. நல்ல வேளை, இம்முறை எனக்கு விடை தெரிந்திருந்தது. கப்பல் மட்டும் போதாது என்பதை அதை நடத்தியவர்களே விரைவில் உணர்ந்தார்கள். ஆகவே மூன்று படிகள் அமைத்தார்கள். பெரிய நோய்க்குக் கப்பல். அதற்குக் கீழே, குறித்த நாளிற் சருக்குச் சென்று நோயாளரைப் பார்க்கும் சிறு வைத்தியக் குழு. எல்லாவற்றுக்கும் அடியில், அந்தந்தச் சரிலேயே வாழும் பெண்களைத் தெரிந்து பயிற்றி அமர்த்திய சுகாதாரத் தொண்டர்கள். காய்ச்சல் எப்பொழுது ஆபத்து, கர்ப்பிணியை எப்பொழுது தோணியில் ஏற்ற வேண்டும், யார் கண்ணிற் பூ விழுந்திருக்கிறது என்பவற்றை அறிந்தவர்கள் அவர்கள். கப்பல் போய்விடும், அவர்கள் இருப்பார்கள். சர் கரைந்தால் அவர்களும் மற்றவர்களோடு தோணியேறி அடுத்த சருக்குப் போவார்கள்.

"அப்ப கப்பலிலும் பாக்க அந்தப் பெண்கள்தான் முக்கியம்" என்று சொல்லிவிட்டுப் பையன் உட்கார்ந்தான். பரீட்சையில் அவனுக்கு இதற்குப் புள்ளி கிடைக்காது. என்னிடம் கிடைத்தது.

எங்கள் வீட்டுக்கு மூன்று வீடு தள்ளி ஒரு முதியவர் தனியே வசிக்கிறார். பிள்ளைகள் வெளிநாட்டில். ஓராண்டாக அவருடைய இடக்கண் மங்கி வருகிறது. காணுந்தோறும், "ஆச்சி, கிளினிக்குக்குப் போங்கோ, காசில்லை, இலவசம்" என்று சொல்லி வந்தேன். சொன்னதும் என் கடமை முடிந்தது என்று என் மனம் சமாதானம் அடைந்துவிடும். நான் படித்தவன்; அறிவுரை சொல்லத் தெரிந்தவன்.

அடுத்த கிளினிக் நாளன்று, கல்லூரிக்கு விடுப்புக் கடிதம் அனுப்பிவிட்டு, காலை ஆறு மணிக்கு ஓர் ஓட்டோவை அவர் படலையடியிற் கொண்டுபோய் நிறுத்தினேன். இம்முறை 'போங்கோ' என்று சொல்லவில்லை. "வாங்கோ ஆச்சி" என்றேன்.

அவர் நம்பாதவர்போல என்னைப் பார்த்தார். பிறகு உள்ளே போய்ச் சேலை மாற்றிக்கொண்டு வந்தார். படியில் இறங்கும்பொழுது என் தோளைப் பிடித்துக்கொண்டார்.